இரண்டு நிலாவுக்கு ஒரு நாட்காட்டி: 360 நாள் போதாதா?

கேள்வி, 26 மார்ச் 2025

"கற்பனை உலகம் உங்களுடையது. சூரியனும் நிலாவும் நீங்கள் வைத்தபடி சுற்றும். ஆண்டுக்கு 360 நாள், மாதத்துக்கு 30 நாள், வாரத்துக்கு ஆறு நாள் என்று வைத்தால் எல்லாம் மிச்சமில்லாமல் வகுபடும். அதை விட்டுவிட்டு 371.4 என்றும் 33.2 என்றும் எதற்கு இந்த வில்லங்கம்? வாசகர் கதை படிக்க வருகிறாரா, கணக்குப் பரீட்சை எழுத வருகிறாரா?"

26 மார்ச், மாலை

நானும் 360 இல்தான் தொடங்கினேன். அந்தச் சீஆர் கொப்பி, தடித்த அட்டைக் குறிப்பேடு, இன்னும் அலுமாரியில் கிடக்கிறது. பன்னிரண்டு மாதம், ஒவ்வொன்றுக்கும் ஐந்து வாரம், நிறநிறமாகக் கட்டம். பார்க்க அழகு. நாற்பது பக்கம் கதை எழுதிய பிறகுதான் கவனித்தேன், அந்தத் தீவில் ஒருவர்கூட "இன்றைக்கு என்ன கிழமை?" என்று கேட்கவில்லை. கேட்கத் தேவையில்லை. வாரம் ஆறு, மாதம் முப்பது என்றால் நான்காம் தேதி என்றைக்கும் நான்காம் கிழமைதான். பௌர்ணமி பதினைந்தில் வரும், அடுத்ததும் பதினைந்தில் வரும். திருவிழா முந்தாது, பிந்தாது, இரண்டு ஒரே நாளில் மோதிக்கொள்ளாது. என் அம்மம்மாவை அங்கே குடியேற்றியிருந்தால் ஒரு மாதத்தில் அலுத்துப்போய்க் கப்பலேறியிருப்பார்.

இப்போதைய கணக்கு இது. தீவின் பெயர் சேண்கரை. ஆண்டு 371.4 நாள். மூத்த நிலா ஒரு பௌர்ணமியிலிருந்து அடுத்த பௌர்ணமிக்கு வர 33.2 நாள். இளைய நிலாவுக்கு 7.9 நாள். உப்பளத்துச் சனங்கள் அவற்றை மூத்தாள், இளையாள் என்பார்கள். ஒரு சூரியனைக் கட்டிக்கொண்ட இருவர், ஒருத்தியின் கணக்கு மற்றவளுக்கு ஒத்துவராது. அவ்வளவுதான் என் புராணம்.

26 மார்ச், இரவு

படுத்தபின் தூக்கம் வரவில்லை, எழுந்து கணக்குப் போட்டேன். மூத்தாளின் பதினொரு மாதம் 365.2 நாள். ஆண்டு முடிய இன்னும் 6.2 நாள் மிச்சம். ஐந்தாறு ஆண்டுக்கு ஒரு முறை அந்த மிச்சம் சேர்ந்து ஒரு மாதமாகிவிடும். அது மிகைமாதம். இதுவரை தெரிந்ததுதான். ஆனால் பதினாறு ஆண்டுக்குப் பெருக்கிப் பாருங்கள். 5942.4 நாள். அதே காலத்தில் 179 மாதம், 5942.8 நாள். பதினாறு ஆண்டில் மூன்று மிகைமாதம் போட்டால் சூரியனும் மூத்தாளும் பத்து மணி நேரத்துக்குள் ஒத்துப்போகிறார்கள்.

நம் வானத்தில் இதே வேலையை 19 ஆண்டுகள் செய்கின்றன. 235 சந்திர மாதம், ஏழு மிகைமாதம், தவறு இரண்டு மணி நேரம் அளவு. கிரேக்கரும் பாபிலோனியரும் அதைக் கண்டுபிடிக்க எத்தனை தலைமுறை வானத்தைப் பார்த்திருப்பார்கள்! எனக்கு ஒரு பிளேன்டீ போதுமாக இருந்தது.

27 மார்ச்

"எண்களை வேண்டுமென்றே பொருந்தும்படி எடுத்திருக்கிறீர்கள்" என்று ஒருவர். இல்லை ஐயா. 33.2 என்பது அன்று வானொலி சொன்ன வெப்பநிலை. 371.4 என்பது மருந்துக் கடைத் துண்டில் இருந்த தொகை, 371 ரூபா 40 சதம். எந்த இரண்டு எண்ணை எடுத்தாலும் எங்கேயோ ஓரிடத்தில் ஏறக்குறையச் சந்திக்கும். எத்தனை ஆண்டு காத்திருக்க வேண்டும் என்பதுதான் வேறுபடும்.

இன்னொன்று சொல்லிவைக்கிறேன். இரண்டு நிலாவும் ஒரே இரவில் நிறைவது தலைமுறைக்கு ஒரு முறை. என் கதாநாயகன் பிறந்தது அந்த இரவில்.

31 மார்ச், திங்கள்

நேற்று இரவு எங்கள் ஒழுங்கையில் தையற்கடைக்காரர் கடையைச் சாத்தவில்லை. பெருநாள் உடுப்பு பதினேழு பாக்கி. இன்று பெருநாளா, நாளையா என்பது கொழும்புப் பெரிய பள்ளிவாசலிலிருந்து அறிவிப்பு வரும்வரை அவருக்குத் தெரியாது. பிறை தெரிந்தால் விடிய விடியத் தைக்க வேண்டும். தெரியாவிட்டால் ஒரு நாள் கிடைக்கும். வானொலி சொன்னது, பிறை தென்பட்டுவிட்டது. அவர் தலையில் கைவைத்தார், பிறகு சிரித்தார், மெஷினில் உட்கார்ந்தார்.

சேண்கரையில் இப்படி ஒருவர்கூட இல்லையே என்று அப்போதுதான் உறைத்தது. என் தீவில் எல்லோருக்கும் தேதி தெரியும், காற்றோடு வந்துவிடும்போல. யார் அறிவிக்கிறார்கள்? மேகமாக இருந்தால்? கிழக்குக் கரையில் பார்த்ததை மேற்குக் கரை ஏற்றுக்கொள்ளுமா? இதையெல்லாம் நான் எழுதவே இல்லை. முதலில் கேள்வி கேட்டவருக்கு என் பதில் இதுதான்: மிச்சம் இல்லாத நாட்காட்டியில் காத்திருக்க ஒன்றும் இல்லை.

3 ஏப்ரல்

27 ஆம் தேதி எழுதியதில் ஒரு பெரிய பிழை. தலைமுறைக்கு ஒரு முறை என்று அளந்துவிட்டேன். இன்று ஆறுதலாகக் கணக்குப் பார்த்தேன். மூத்தாளின் ஐந்து மாதம் 166 நாள். இளையாளின் இருபத்தொரு சுற்று 165.9 நாள். அதாவது ஆண்டுக்கு இரண்டு தடவைக்கு மேல் இருவரும் சேர்ந்து நிறைகிறார்கள். ஒவ்வொரு தடவையும் வித்தியாசம் இரண்டரை மணி நேரத்துக்கும் குறைவாகவே விலகுகிறது. ஆகவே பிடித்துக்கொண்டால் ஏழு ஆண்டுக்கு விடாது, அதன் பிறகு அந்தக் கூட்டு வேறொரு மாதத்துக்கு நகர்ந்துவிடும்.

தலைமுறைக்கு ஒருவன் பிறக்கும் இரவு என்று மூன்று அத்தியாயம் முழங்கிவைத்திருக்கிறேன். இப்போது பார்த்தால் தெருவுக்கு நான்கு பேர் அந்த இரவில் பிறந்திருப்பார்கள். தீர்க்கதரிசனம் சொன்ன கிழவிக்கு எண்ணத் தெரியாது என்று வைத்துத் தப்பலாமா என்று யோசிக்கிறேன்.

4 ஏப்ரல்

தப்பலாம். கிழவிக்கு எண்ணத் தெரியும். தாய்க்குத்தான் தெரியாது. கிழவி ஊரில் பாதிப் பேருக்கு இதையே சொல்லிக் காசு வாங்கியிருக்கிறாள். கதை முன்னதைவிட நன்றாக இருக்கிறது.

7 ஏப்ரல், திங்கள்

இன்று நண்பகல் கொழும்பில் சூரியன் நேர் உச்சியில். பன்னிரண்டேகால் ஆகச் சற்று முன்னர் வெள்ளவத்தையில் எங்கள் மொட்டைமாடியில் ஒரு குழாய்த் துண்டை நிமிர்த்தி வைத்துப் பார்த்தேன். நிழல் குழாய்க்குள்ளேயே விழுந்துவிட்டது. கீழ்வீட்டு அம்மா உடுப்புக் காயப்போட வந்தவர் ஒன்றும் கேட்காமல் திரும்பிப் போனார்.

கொழும்பு வடக்கே ஏறக்குறைய ஏழு பாகையில் இருக்கிறது. ஆகவே இது ஆண்டுக்கு இரண்டு தடவை நடக்கும். ஏப்ரல் முதல் வாரம் ஒன்று, செப்டம்பர் முதல் வாரம் மற்றது. இடையில் சூரியன் நமக்கு வடக்கே நிற்கும் காலம் 150 நாள் அளவு, தெற்கே நிற்கும் காலம் 215 நாள் அளவு. இரண்டு சமமில்லாத பாதிகள். குளிரும் கோடையும் இல்லாத ஊரில் ஆண்டை எதைக்கொண்டு பிரிப்பது என்று மண்டையை உடைத்துக்கொண்டிருந்தேன். விடை உச்சந்தலையில் இருந்திருக்கிறது. சேண்கரைக்கு இனி "வடநிழல்", "தென்நிழல்" என்று இரண்டு பருவம். நடுவில் நிழலற்ற நாள், அன்று கடன் கேட்கக் கூடாது.

பகல் நீளத்தை வைத்துப் பிரிக்கலாமே என்று எழுதியவருக்கு: கொழும்பில் ஆண்டின் நீண்ட பகலுக்கும் குறுகிய பகலுக்கும் வித்தியாசம் ஒரு மணி நேரம்கூட இல்லை. நாள் நீள்வதையும் குறுகுவதையும் பார்த்துக் கொண்டாடும் பண்டிகைகள் வேறு அட்சரேகைக்காரர்களுடையவை. நாம் கதை எழுதும்போது அவர்களுடைய பனியையும் இலையுதிர்காலத்தையும் ஏன் இரவல் வாங்க வேண்டும்?

15 ஏப்ரல், செவ்வாய்

புத்தாண்டு முடிந்தது. எங்கள் வீட்டில் வழக்கம்போல இரண்டு தடவை பிறந்தது.

வெளியூர் வாசகர் ஒருவர் விளக்கம் கேட்டார். வாக்கிய பஞ்சாங்கம் என்று ஒன்று, பழைய வாய்பாட்டு வாக்கியங்களால் கணிப்பது. திருக்கணித பஞ்சாங்கம் என்று ஒன்று, வானத்தைப் பார்த்துத் திருத்திய கணக்கு. இரண்டும் புத்தாண்டு பிறக்கும் நேரத்தை வேறு வேறாகச் சொல்லும். அம்மம்மா வாக்கியம், அப்பா திருக்கணிதம். அம்மம்மா சொன்ன நேரத்துக்கு எழுந்து, மூலிகை போட்டுக் காய்ச்சிய மருத்துநீர் வைத்து முழுகுவோம். அப்பா சொன்ன நேரத்துக்குக் கைவிசேடம், அதாவது புத்தாண்டுக் காசு, வாங்குவோம். இருவருக்கும் இதைப் பற்றி ஒரு நாளும் சண்டை வந்ததில்லை. சண்டை வந்ததெல்லாம் பலகாரத்துக்கு எண்ணெய் அதிகமா குறைவா என்பதில்தான். இருவரும் இப்போது இல்லை. ஆனால் நான் இரண்டு நேரத்துக்கும் எழும்புகிறேன்.

சிங்களவர் பழைய ஆண்டுக்கும் புதிய ஆண்டுக்கும் நடுவே ஒரு காலத்தை நோநகதய என்று ஒதுக்கி வைப்பார்கள். 12 மணி 48 நிமிடம். எந்த வேலைக்கும் நல்ல நேரம் இல்லாத நேரம். அடுப்பு மூட்டாமல், பன்சலைக்கு, அதாவது விகாரைக்கு, போய்வருவார்கள். இந்த 48 நிமிடம் எங்கிருந்து வந்தது என்று சிறுவயதில் அப்பாவைக் கேட்டேன். அவர் நாழிகையில் சொன்னார்: முப்பத்திரண்டு நாழிகை. ஒரு நாழிகை 24 நிமிடம், பெருக்கினால் 768 நிமிடம், சரியாக வருகிறது. சூரிய வட்டத்தின் அகலம் அரைப் பாகைக்குச் சற்று மேல். நாளொன்றுக்கு அது ஒரு பாகை அளவு நகர்கிறது. ஆகவே மீனத்திலிருந்து மேடத்துக்குள் வட்டம் முழுவதாக நுழைந்து முடிய அரை நாளுக்குச் சற்று மேல் எடுக்கும். வீட்டுப்படியைத் தாண்டும் ஆளின் ஒரு கால் உள்ளே, ஒரு கால் வெளியே.

இதை விட்டுவைப்பேனா? சேண்கரையில் அந்த நேரத்தில் ஒரு கொலை நடக்கிறது. பழைய ஆண்டின் நீதிபதி தன் தவணை முடிந்துவிட்டது என்கிறார், புதியவர் தன் தவணை இன்னும் தொடங்கவில்லை என்கிறார்.

12 மே, வெசாக்

புத்தரின் வெசாக் பௌர்ணமி, தெருவெல்லாம் காகித விளக்குக் கூடு. தன்சல் என்ற அன்னதானப் பந்தலில் வரிசையில் நின்று சோறு வாங்கிச் சாப்பிட்டுவிட்டு இதை எழுதுகிறேன். நேற்றுத்தான் இளையாளின் வாரத்தைப் பற்றி ஒருவர் கேட்டிருந்தார்: "7.9 நாளுக்கு ஒரு விடுமுறை என்றால் சில வாரம் ஏழு நாள், சில வாரம் எட்டு நாள். நடைமுறையில் எந்தச் சமூகமாவது இதைத் தாங்குமா?"

தாங்கியிருக்கிறது, இதே ஊரில். 1966 இல் டட்லி சேனாநாயக்க அரசு சனி, ஞாயிறு விடுமுறையை எடுத்துவிட்டுப் போயாவையும் போயாவுக்கு முந்திய நாளையும் விடுமுறையாக்கியது. பௌர்ணமி மட்டுமன்று, அமாவாசையும் இரண்டு அரைநிலாவும் போயாதான். சந்திர மாதத்தின் கால்வாசி ஏழு நாளுக்குச் சற்று மேல், 7.38. ஆகவே விடுமுறை கிழமை கிழமையாக நகர்ந்துகொண்டே போனது. வாரம் பெரும்பாலும் ஏழு நாள், அவ்வப்போது எட்டு. ஞாயிறு வெறும் வேலைநாள் ஆனது, தேவாலயத்துக்குப் போகிறவர்களுக்கும்கூட. 1971 இல் கைவிட்டார்கள்.

அப்பா அப்போது கொழும்பில் இலிகிதர். எட்டு நாள் வாரம் வந்தால் கந்தோரில் முணுமுணுப்பு வருமாம், ஒரு நாள் கூடுதல் வேலை, சம்பளம் அதேதான். வெளிநாட்டு வங்கியோடு கடிதப் போக்குவரத்து வைத்திருந்த அவருடைய நண்பர் நிலை இன்னும் மோசம். இங்கே விடுமுறை, அங்கே வேலைநாள். அங்கே விடுமுறை, இங்கே வேலைநாள். இருவரும் ஒரே நேரத்தில் மேசையில் இருக்கும் நாளை எண்ணிப் பார்க்க வேண்டும். பெண் பார்க்கப் போவதற்கு "அடுத்த ஞாயிறு வருகிறோம்" என்று சொல்ல முடியாது, "வளர்பிறை அரைப்போயாவுக்கு வருகிறோம்" என்று சொல்ல வேண்டும். அம்மாவைப் பார்க்க அப்படித்தான் போனாராம். அம்மாவின் வீட்டார் போயாவைத் தவறாக எண்ணி ஒரு நாள் முன்னதாக வடை சுட்டு வைத்திருந்தார்களாம். அந்தப் பழைய வடைக் கதையை அப்பா சாகும்வரை விடவில்லை.

வாரத்தை மாற்றப்போய்த் தோற்ற அரசுகள் வேறும் உண்டு. பிரெஞ்சுப் புரட்சிக்காரர் 1793 இல் பத்து நாள் வாரம் கொண்டுவந்தார்கள், 1802 இல் பழைய ஞாயிறு திரும்பிவிட்டது, 1805 முடிவோடு அந்த நாட்காட்டியே போய்விட்டது. சோவியத்தில் 1929 இலிருந்து ஐந்து நாள், பிறகு ஆறு நாள், 1940 இல் பழைய ஏழு. ஆனால் அவர்கள் எல்லாம் எண்ணை மாற்றினார்கள். நாங்கள்தான் வாரத்தைக் கொண்டுபோய் நிலாவின் கையிலேயே கொடுத்தோம்.

13 மே

நேற்று எழுதாமல் விட்டது. எட்டு நாள் வாரத்தில் அந்தக் கூடுதல் நாளுக்கு என்ன பெயர்? கொழும்பில் திங்கள், செவ்வாய் என்ற பெயர்கள் தம்பாட்டில் ஓடின, விடுமுறைதான் நகர்ந்தது. சேண்கரையில் கிழமைப் பெயரே இளையாளிடமிருந்து வருகிறது. ஆகவே பெரும்பாலான வாரத்தில் எட்டாவதாக ஒரு நாள் பெயரில்லாமல் வந்து நிற்கிறது. நான் "சும்மா நாள்" என்று வைத்தேன். கதைக்குள் நுழைந்ததும் அது எல்லோருக்கும் பிடித்த நாளாகிவிட்டது.

20 மே

1996 மே மாதம் மின்சார நெருக்கடியைச் சமாளிக்க நாட்டின் நேரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளினார்கள். ஒக்டோபரில் அரை மணி நேரம் திரும்பக் கொடுத்தார்கள். பழைய நேரம் முழுவதாகத் திரும்பியது 2006 ஏப்ரலில். இந்தப் பத்தாண்டும் புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த பகுதிகளில் பழைய நேரமே ஓடியது. ஒரே தீவு, இரண்டு கடிகாரம். வன்னியிலிருந்து வரும் கல்யாண அழைப்பிதழைக் கொழும்பில் பிரித்தால் முதல் கேள்வி, "புது நேரமா, பழைய நேரமா?" சோதனைச் சாவடி தாண்டும் பயணத்தில் அரை மணி நேரம் எங்கேயோ விழுந்துவிடும், திரும்பி வரும்போது கிடைக்கும்.

சேண்கரைக்குள் இதைக் கொண்டுவரலாமா என்று ஒருவர் கேட்டார். மூன்று தடவை எழுதிப் பார்த்துவிட்டேன். ஒவ்வொரு தடவையும் அது சேண்கரையாக இருக்கவில்லை. விட்டுவிட்டேன்.

10 ஜூன்

பொசன் போயா என்பதை மறந்து கறிக்கோழி வாங்கப் போனேன். கடை பூட்டு. நாட்காட்டியைப் பற்றி மூன்று மாதமாகப் பாடம் நடத்தும் ஆள் இன்று பருப்பும் அப்பளமும்.

2 ஜூலை

சேண்கரையின் மாதங்களுக்குப் பெயர் வைத்துப் போட்டிருந்தேன், அதில் "முன்பனி" என்று ஒன்று. "உங்கள் தீவில் பனியே பெய்யாதே" என்று பிடித்துவிட்டார்கள். முதலில் கோபம். பிறகு வெட்கம். வாடை, கொண்டல், சோளகம், கச்சான் என்று காற்றுக்கு நான்கு பெயர் வைத்துக்கொண்டு கடலுக்குப் போகும் ஊரில் பிறந்தவன் நான். அதை விட்டுவிட்டுப் பாடப்புத்தகத்திலிருந்து பெரும்பொழுதை இறக்கியிருக்கிறேன். நான்கு மாதத்துக்குக் காற்றின் பெயரை வைத்துவிட்டேன்.

3 ஜூலை

முன்பனியை மட்டும் அழிக்கவில்லை. செப்டம்பர் என்றால் ஏழாவது, ஒக்டோபர் என்றால் எட்டாவது. ரோமருடைய பழைய ஆண்டு மார்ச்சில் தொடங்கிய காலத்துப் பெயர்கள். ஆண்டின் தலை மாறிவிட்டது, பெயர் மாறவில்லை, ஒன்பதாவது மாதத்தை ஏழாவது என்று சொல்லிக்கொண்டு உலகம் சம்பளம் வாங்குகிறது. சேண்கரைக்காரர் குளிர்நாடு ஒன்றிலிருந்து வந்தவர்கள். அதை அவர்களே மறந்துவிட்டார்கள், மாதப் பெயர் மட்டும் மறக்கவில்லை. என் பிழையைப் பிடித்தவருக்கு நன்றி, அது இப்போது இரண்டாம் பாகத்தின் முதல் அத்தியாயம்.

19 ஜூலை

மிகைமாதத்தை யார் அறிவிப்பது என்பதில் ஒரு மாதமாகச் சிக்கிக் கிடக்கிறேன். உப்பளத்தில் கூலி மாதத்துக்கு ஒரு முறை, மூத்தாள் நிறையும் நாளில். உப்பளக் குத்தகை ஆண்டுக்கு ஒரு முறை. மிகைமாதம் விழும் ஆண்டில் குத்தகைக்காரர் பன்னிரண்டு கூலி கொடுக்க வேண்டும். ஆகவே அவர் நாட்காட்டி கணிக்கும் கணியருக்கு ஒரு மூட்டை உப்பும் வேறு சிலவும் அனுப்பி, "இந்த ஆண்டு வேண்டாம், அடுத்த ஆண்டு பார்க்கலாம்" என்கிறார்.

மிகைப்படுத்தல் என்று நினைக்காதீர்கள். ரோமில் மிகைமாதத்தைச் சேர்ப்பது குருமாரின் கையில் இருந்தது. வேண்டியவரின் பதவிக்காலத்தை நீட்டவும் வேண்டாதவரின் காலத்தைச் சுருக்கவும் அது பயன்பட்டது. முடிவில் நாட்காட்டி பருவத்தை விட்டு மாதக்கணக்கில் விலகிப்போய், அதை இழுத்து நேராக்க யூலியஸ் சீசர் பொ.ஆ.மு. 46 ஆம் ஆண்டுக்கு 445 நாள் கொடுக்க வேண்டியிருந்தது. அந்த ஆண்டு மாதக் கூலிக்கு வேலை செய்தவனை நினைத்துப் பார்க்கிறேன். ஆண்டுக் குத்தகை எடுத்தவனையும்.

9 ஓகஸ்ட்

இளையாள் 7.9 நாளில் சுற்றினால் எவ்வளவு கிட்ட இருக்க வேண்டும் என்று இயற்பியல் ஆசிரியர் ஒருவர் கேட்டார். கோள் பூமியின் எடையுடையது என்று வைத்துக் கெப்ளர் விதியைப் போட்டேன்: ஏறக்குறைய 1,66,000 கிலோமீற்றர். நம் நிலா 3,84,400. வற்றுப்பெருக்கு விசை தூரத்தின் மும்மடிக்கு எதிர்விகிதம், ஆகவே இளையாளுக்கு நம் நிலாவின் எடை இருந்தால் கடல் பன்னிரண்டரை மடங்கு இழுபடும். உப்பளம் இல்லை, ஊரே இல்லை. எடையைப் பன்னிரண்டில் ஒன்றாகக் குறைத்துவிட்டேன். காலிமுகத்திடலில் வளர்ந்த கண்ணுக்கு இது இலகுவில் தோன்றாது. நம் கரையில் வற்றுக்கும் பெருக்குக்கும் இடையே ஒரு மீற்றர்கூட இல்லை.

24 ஓகஸ்ட்

முதலில் கேள்வி கேட்டவர் திரும்ப வந்திருக்கிறார். ஐந்து மாதம் எல்லாவற்றையும் படித்துவிட்டு ஒரே வரி: "சரி, வானத்தில் 360 வேண்டாம். ஆனால் அரசன் 360 என்று ஆணையிட்டால்?"

இரண்டு நாள் பதில் எழுதவில்லை. ஏனென்றால் அவர் சொல்வது சரி, நான் மார்ச்சில் எழுதியது பாதிப் பிழை. 360 என்ற எண்ணில் குற்றம் இல்லை. வானமும் அந்த எண்ணுக்குத் தலையாட்டியதுதான் என் பழைய கொப்பியின் குற்றம். எகிப்தியர் முப்பது முப்பதாகப் பன்னிரண்டு மாதம் வைத்து ஐந்து நாளைக் கடைசியில் ஒட்டினார்கள். கால் நாளைக் கண்டுகொள்ளவில்லை. நான்கு ஆண்டுக்கு ஒரு நாள் வழுக்கி, 1460 ஆண்டில் ஒரு சுற்று. அதோடு அந்த இராச்சியம் இடிந்துவிடவில்லை.

சேண்கரை அரசனின் 360 உண்மையான ஆண்டைவிட 11.4 நாள் குறைவு. அவனுடைய புத்தாண்டு முப்பத்திரண்டு, முப்பத்துமூன்று ஆண்டில் எல்லாப் பருவத்தையும் ஒரு சுற்றுச் சுற்றிவிடும். ஹிஜ்ரி ஆண்டும் ஏறக்குறைய அதே முப்பத்துமூன்று. தையற்கடைக்காரர் சொன்னார், அவருக்குப் பதின்மூன்று வயதில் நோன்பு எந்த மாதத்தில் வந்ததோ அதே மாதத்தில் நாற்பத்தைந்தாவது வயதில் திரும்ப வந்ததாம். சேண்கரை அரசனும் இளமையில் கச்சான் காற்றில் முடிசூடியவன், கிழவனாகி அதே காற்றில் அதே தேதியைப் பார்க்கிறான். உப்பளத்துச் சனங்களோ அவனுடைய தேதியை வரிச்சீட்டில் மட்டும் எழுதிவிட்டு, மூத்தாளைப் பார்த்துக் கூலி கேட்கிறார்கள்.

சீஆர் கொப்பியைத் தூசி தட்டி எடுத்துவிட்டேன். கட்டங்கள் எல்லாம் இப்போது அரண்மனையில் தொங்கும்.

5 செப்டம்பர்

இரண்டாவது நிழலற்ற நாள். குழாயோடு மேலே போனேன். வானம் ஒரே மப்பு. கீழ்வீட்டு அம்மா இம்முறை கேட்டார், "தம்பி, தண்ணீர்க் குழாய் ஏதும் உடைந்துவிட்டதா?"

8 செப்டம்பர், அதிகாலை

முழுச் சந்திர கிரகணம். அக்காவின் மகளும் நானும் மொட்டைமாடியில், மேகத்துக்கு இடையில் விட்டுவிட்டு. இரவு பதினொரு மணியிலிருந்து பன்னிரண்டு இருபது தாண்டும்வரை நிலா செம்பு நிறம். அவளுக்குப் பதினான்கு வயது. கதையின் மூன்றாம் அத்தியாயத்தைப் படித்திருக்கிறாள்.

"மாமா, மூத்தாள் கிழக்கே நிறைந்து எழும்ப, இளையாள் மேற்கே நிறைந்து விழுகிறாள் என்று எழுதியிருக்கிறீர்களே. நிறைநிலா என்றால் சூரியனுக்கு நேரெதிரே நிற்க வேண்டும் அல்லவா? இரண்டும் சூரியனுக்கு எதிரே என்றால் இரண்டும் ஒரே பக்கத்தில்தானே?"

ஆம். ஒரே பக்கத்தில்தான். ஏப்ரலில் 166 நாள் கணக்கை அவ்வளவு பெருமையாகப் போட்டேன், இருவரும் எங்கே நிற்பார்கள் என்று ஒரு தடவை நிமிர்ந்து பார்க்கவில்லை. இன்னும் சொல்லப்போனால் கிட்ட இருப்பவள் இளையாள். இருவரும் துல்லியமாகச் சேர்ந்து நிறையும் இரவில், பாதையும் ஒத்துப்போனால், இளையாள் மூத்தாளை மறைத்துவிடுவாள். இரட்டை நிறைவின் உச்சத்தில் வானத்தில் ஒரே ஒரு நிலா.

அவள் இறங்கிப் போய்த் தூங்கிவிட்டாள். நான் மூன்றாம் அத்தியாயத்தைத் திறந்து வைத்திருக்கிறேன்.

9 செப்டம்பர், செவ்வாய்

நாளை மறுநாள் அப்பாவின் திதி. ஆவணித் தேய்பிறைப் பஞ்சமி. சென்ற ஆண்டு ஓகஸ்டில் வந்தது, இந்த ஆண்டு செப்டம்பருக்கு வந்துவிட்டது. அலுவலகத்தில் ஆண்டுத் தொடக்கத்திலேயே விடுமுறைத் தேதிகளைக் கேட்டு ஒரு படிவம் தருவார்கள். நான் வழக்கம்போலச் சென்ற ஆண்டுத் தேதியை எழுதிக் கொடுத்திருந்தேன். இன்று மாற்றக் கேட்டபோது அந்தத் தம்பி, "ஐயா, ஒருவர் இறந்த தேதி எப்படி மாறும்?" என்றார். நியாயமான கேள்வி. பிறந்தநாளுக்கு நட்சத்திரம், இறந்தநாளுக்குத் திதி, சம்பளத்துக்கு இருபத்தைந்தாம் தேதி என்று விளக்கத் தொடங்கி, பின்னால் வரிசை நீண்டதால் நிறுத்திக்கொண்டேன். காரணம் என்ற கட்டத்தில் "சொந்த அலுவல்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.

ஐயரிடம் கேட்டேன், வியாழன் காலை வரச் சொன்னார். எந்தப் பஞ்சாங்கப்படி என்று கேட்டேன். "உங்கள் அப்பாவுடையதுதான்" என்றார்.